உங்கள் பெயரில் ஓர் ஊர் ஆடுகிறது: ராபர்ட் எம்மெட்டுக்கு ஒரு கடிதம்

அன்புள்ள ராபர்ட் எம்மெட்,

அயர்லாந்தில் பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிராகக் கிளர்ச்சி நடத்திய குற்றத்துக்காக 1803 செப்டம்பரில் டப்ளின் நீதிமன்றத்தில் நின்றபடி, என் கல்லறையில் யாரும் எதையும் எழுத வேண்டாம், என் நாடு உலக நாடுகளுக்கு நடுவே தன் இடத்தைப் பிடித்த பிறகு எழுதிக்கொள்ளுங்கள் என்று சொன்னீர்கள். மறுநாளே தாமஸ் தெருவில் உங்களைத் தூக்கில் போட்டார்கள். இருபத்தைந்து வயது. உங்களைப் புதைத்த இடம் எதுவென்று இன்றுவரை யாருக்கும் தெரியாது. எழுதுவதற்குக் கல்லே இல்லை. ஆனால் உங்கள் பெயரைத் தூக்கிப் பிடிக்கும் ஓர் ஊர் இருக்கிறது, அதைச் சொல்லத்தான் இந்தக் கடிதம்.

ஊரின் பெயர் ஸ்லாட்னீல். டெர்ரி கவுண்டியில், கார்ன்டோகர் மலையடிவாரத்தில் இருக்கிறது. ஐரிஷ் மொழியில் அந்தப் பெயருக்கு நியாலின் கல்லறை மேடு என்று பொருள். கல்லறை இல்லாத உங்கள் பெயர் கல்லறையைப் பெயராகக் கொண்ட ஊருக்குப் போய்ச் சேர்ந்திருக்கிறது! 1953-இல், நீங்கள் மறைந்து சரியாக 150 வருடம் ஆனபோது, அங்கே ஒரு விளையாட்டுக் கழகம் உருவாயிற்று. ராபர்ட் எம்மெட்ஸ் என்று பெயர். அடர் சிவப்பும் வெள்ளையும் கலந்த சட்டை.

நீங்கள் இருந்த காலத்தில் இந்தக் கழகங்கள் கிடையாது, அதனால் கொஞ்சம் விளக்கிவிடுகிறேன். 1884-இல் தர்லஸ் என்ற ஊரில் ஒரு ஹோட்டலில் கூடி, அயர்லாந்தின் சொந்த விளையாட்டுகளைக் காப்பாற்ற ஒரு சங்கம் தொடங்கினார்கள். கத்தோலிக்கப் பங்கு, அதாவது ஒரு தேவாலயத்தைச் சேர்ந்த ஊர்ப்பகுதி, எதுவோ அதுதான் பெரும்பாலும் கழகத்தின் எல்லை. நன்றாக ஆடுகிறான் என்பதற்காகப் பக்கத்துப் பங்கிலிருந்து ஒருவனை அழைத்துவர முடியாது, காசு கொடுத்து வாங்கவும் முடியாது, ஆடுகிறவர்களுக்குச் சம்பளமும் கிடையாது. பிறந்த ஊருக்கு ஆட வேண்டும், அவ்வளவுதான். மர மட்டையால் சிறு பந்தை அடித்து ஆடும் விளையாட்டு ஹர்லிங். 1904-இல் பெண்களுக்கான ஹர்லிங், அதாவது கமோகி, அமைப்பாக ஒழுங்குபட்டது. பிறகு 1921-இல் நாட்டையே இரண்டாகப் பிரித்தார்கள், டெர்ரி பிரிட்டனோடு இருந்த வடக்குப் பகுதிக்குப் போய்விட்டது. ஆனால் சங்கம் பிரியவில்லை. இன்றும் முழுத் தீவுக்கும் ஒரே சங்கம், ஒரே கோப்பை.

ஸ்லாட்னீலில் மூன்று விளையாட்டும் உண்டு: ஹர்லிங், கேலிக் கால்பந்து, கமோகி. மூன்றிலும் ஒரே குடும்பங்கள்தான். எனக்கு இந்தக் கழகத்தை இவ்வளவு பிடித்துப்போனதற்குக் காரணமே அதுதான். பெரும்பாலான ஊர்களில் ஹர்லிங் ஊர், கால்பந்து ஊர் என்று ஏதாவது ஒரு பக்கம் சாய்ந்திருப்பார்கள், ஏனென்றால் இரண்டுக்கும் உடம்பைப் பழக்குவது அவ்வளவு சுலபமில்லை. ஹர்லிங்கில் தரையில் கிடக்கும் ஸ்லிட்டரை, அதாவது அந்தச் சிறு பந்தைக் கையால் எடுக்கக் கூடாது. ஆஷ் மர மட்டையின் அகன்ற நுனியை அதன் அடியில் நைசாக நுழைத்து, மணிக்கட்டை ஒரு சுண்டு சுண்டிக் கைக்கு ஏற்ற வேண்டும், அதுவும் பக்கத்தில் இரண்டு பேர் மட்டையை வீசிக்கொண்டிருக்கும்போது. கையில் வைத்துக்கொண்டு நாலு காலடிக்கு மேல் போகக் கூடாது, அதற்குப் பிறகு பந்தை மட்டை நுனியில் உட்கார வைத்தபடியே ஓட வேண்டும். கால்பந்தில் கணக்கே வேறு. பெரிய பந்து, ஒரு தடவை தரையில் தட்டி, ஒரு தடவை கால் விரலில் தட்டிக் கைக்கு எடுத்தபடி ஓட வேண்டும். கிறிஸி மெக்கேக், பிரெண்டன் ராஜர்ஸ் போன்றவர்கள் ஒரு வாரம் இதையும் மறு வாரம் அதையும் ஊருக்காக ஆடியிருக்கிறார்கள்.

டெர்ரி கால்பந்துப் பட்டம் முதல் தடவை கிடைத்தது 2004-இல்தான், கழகம் தொடங்கி அரை நூற்றாண்டு கழித்து. 2014-இல் அல்ஸ்டர் மாகாணக் கால்பந்துப் பட்டம் வந்தது. அப்புறம் 2016. அந்த வருடம் அக்டோபரில் ஹர்லிங் அணி லாகீலைத் தோற்கடித்து அல்ஸ்டர் கோப்பையை எடுத்தது, டெர்ரியிலிருந்து எந்தக் கழகமும் அதற்கு முன்பு அதை எடுத்ததில்லை. நவம்பரில் கால்பந்து அணி கில்கூவை வென்றது. கமோகி அணியும் அல்ஸ்டரை வென்றது. ஒரே பருவத்தில், ஒரே கழகத்துக்கு மூன்று மாகாணக் கோப்பைகள்! மறு வருடமும் மூன்றையும் எடுத்தார்கள்.

ஆனால் அந்த 2016 பருவத்தின் நடுவில்தான் தாமஸ் காசிடி இறந்துபோனார். கமோகி அணிக்காக உழைத்தவர், அதில் ஆடிய மூன்று சகோதரிகளின் அப்பா. இஃபா, ஐலிஷ், ப்ரோனா. அந்தப் பெண்கள் தங்கள் குடும்பப் பெயரை ஐரிஷிலேயே எழுதுகிறார்கள்: நீ ஹசிஜா (Ní Chaiside), அதாவது காசிடி வீட்டு மகள். அந்தப் பகுதியில் ஐரிஷ் வழிப் பள்ளியும் மொழியை வீட்டுக்குத் திரும்பக் கொண்டுவர உழைக்கும் அமைப்பும் இருக்கின்றன. மட்டையும் மொழியும் அங்கே ஒரே வேலையின் இரண்டு பக்கம்.

சரி, 2017 பிப்ரவரிக்கும் மார்ச்சுக்கும் வருகிறேன். மூன்று அணியும் அகில அயர்லாந்து அளவில் மோதிய வாரங்கள் அவை. கால்பந்து அணி டப்ளினின் செயின்ட் வின்சென்ட்ஸை வென்று இறுதிக்குப் போனது. ஹர்லிங் அணி அரையிறுதியில் குவாலாவிடம் தோற்றது. மார்ச் 17-இல், புனித பேட்ரிக் தினத்தன்று, டப்ளினின் குரோக் பார்க் மைதானத்தில் கால்பந்து இறுதி. டாக்டர் குரோக்ஸ் அணியிடம் இரண்டே புள்ளியில் தோல்வி. கோல் ஒன்றுக்கு மூன்று புள்ளி என்ற கணக்கில் இரண்டு புள்ளி என்பது ஒன்றுமே இல்லை. 2015-இல் கொரோஃபினிடமும் இறுதியில்தான் தோற்றிருந்தார்கள்.

ஆனால் அதே 2017 மார்ச்சில் கமோகி இறுதியில் கால்வேயின் சார்ஸ்ஃபீல்ட்ஸை எதிர்த்து ஆடிய பெண்கள் 1-10-க்கு 0-11 (முதல் எண் கோல், அடுத்தது புள்ளி) என்று ஜெயித்தார்கள். அதுவும் இரண்டு புள்ளிதான், இந்தத் தடவை நம் பக்கம். அப்பாவைப் புதைத்த சில மாதங்களிலேயே மூன்று சகோதரிகளும் அந்த ஆட்டத்தில் இருந்தார்கள். 2018-இலும் ஜெயித்தார்கள், 2019-இலும் ஜெயித்தார்கள். தொடர்ந்து மூன்று.

ஸ்லாட்னீல் பற்றி எழுதும் பலர் ஆண்களின் இரண்டு அணிகளைப் பற்றிப் பத்தி பத்தியாக எழுதிவிட்டு, கமோகிக்குக் கடைசியில் ஒரு வரி தருகிறார்கள். எனக்கு அது சரியாகப் படவில்லை. அந்த ஆண்டுகளில் உங்கள் பெயரை நாட்டின் உச்சிக்குக் கொண்டுபோனவர்கள் பெண்கள்தான். கழகத்தின் வரலாற்றை அங்கிருந்துதான் தொடங்க வேண்டும் என்பது என் எண்ணம். இத்தனைக்கும் கமோகிக்காரர்கள் 2025 மே மாதம்வரை போட்டிகளில் பாவாடை போன்ற ஸ்கார்ட் அணிந்துதான் ஆடியாக வேண்டியிருந்தது. ஷார்ட்ஸ் வேண்டும் என்று அவர்களே போராடி, சிறப்பு மாநாட்டில் 98 சதவீத ஆதரவோடு விதியை மாற்றினார்கள். அந்தச் செய்தியைப் படித்தபோது உங்களிடம் சொல்ல வேண்டும் என்று தோன்றியது.

கல்லறையில் எழுதுவதைப் பற்றி நீங்கள் கேட்ட நிபந்தனை நிறைவேறியதா என்று ஐரிஷ்காரர்களிடம் கேட்டால் ஆளுக்கு ஒரு பதில் சொல்வார்கள், தீவில் இன்னும் எல்லைக்கோடு இருக்கிறது. நான் வெளியாள், அதில் தலையிட எனக்கு உரிமையில்லை. எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான்: ஸ்லாட்னீலில் ஒரு சின்னப் பெண் கையில் மட்டையோடு பயிற்சிக்குக் கிளம்பினால், எங்கே போகிறாய் என்று கேட்பவருக்கு அவள் சொல்லும் பதிலில் உங்கள் பெயர் இருக்கும்.

அன்புடன்,
தூரத்திலிருந்து ஒரு ரசிகன்