தீர்ப்பு வாங்கியவரே மறுபடியும் வழக்குப் போட வேண்டுமா?

ஆசிரியருக்கு வணக்கம்.

உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில் நீதிமன்ற உத்தரவை நிறைவேற்றாத அதிகாரிகள் மீது நடக்கும் அவமதிப்பு வழக்குகள் பற்றி அடிக்கடி செய்தி வருகிறது. அதிகாரி ஆஜரானார், மன்னிப்புக் கேட்டார், நீதிபதி கண்டித்தார் என்பதோடு செய்தி முடிந்துவிடுகிறது. வழக்குப் போட்டவர் பட்ட பாடு அதில் வருவதில்லை. தொண்டிப் பக்கத்து மீனவக் கிராமத்தைச் சேர்ந்தவன் என்பதால் அதை எழுதுகிறேன்.

எங்கள் ஊரணியின் வரத்துக்கால்வாயை இறால் பண்ணைக்காக அடைத்துவிட்டார்கள். மனு மேல் மனு கொடுத்துப் பலனில்லாமல், ஊரில் வரி போட்டு மதுரைக்குப் போனோம். மனுவைப் பரிசீலித்து 12 வாரங்களுக்குள் முடிவெடுக்க வேண்டும் என்று உத்தரவு கிடைத்தது. கெடு முடிந்தும் ஒருவரும் வந்து பார்க்கவில்லை. அலுவலகத்தில் கேட்டால் முதலில் நகல் வரவில்லை என்றார்கள், பிறகு சர்வேயர் இல்லை என்றார்கள், கடைசியில் அப்பீல் போகப் போகிறோம் என்றார்கள். "கன்டெம்ப்ட் (அவமதிப்பு வழக்கு) போட்டாத்தான் அசைவாங்க" என்றார் வக்கீல். மறுபடியும் ஊரில் வரி போட்டோம். நோட்டீஸ் போன பிறகுதான் சர்வேயர் வந்து அளந்தார். அப்போது அளக்க முடிந்ததை முன்பே அளந்திருந்தால், கடலுக்குப் போகாத நாட்களில் கூலியை இழந்து எங்கள் ஆட்கள் மதுரைக்கு அலைந்திருக்க வேண்டாமே!

இதில் எளியவர்கள் ஏமாறும் இடங்கள் உண்டு. 1971-ஆம் ஆண்டின் நீதிமன்ற அவமதிப்புச் சட்டப்படி, அவமதிப்பு நடந்த நாளிலிருந்து ஓராண்டுக்குள் மனுப் போட வேண்டும். இன்று நாளை என்ற பேச்சை நம்பிக் காத்திருந்தால் அந்த ஓராண்டு ஓடிவிடும். அப்பீல் போட்டிருக்கிறோம் என்று சொல்வதை நம்ப வேண்டாம். மேல் நீதிமன்றம் தடை விதிக்காதவரை பழைய உத்தரவு உயிரோடுதான் இருக்கிறது. இன்னொன்று, 'பரிசீலிக்க' என்று மட்டும் உத்தரவு இருந்தால், ஒரே வரியில் மனுவை நிராகரித்துவிட்டு உத்தரவை நிறைவேற்றிவிட்டோம் என்று சொல்லிவிட முடிகிறது. பிறகு அந்த நிராகரிப்பை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் புதிதாக ரிட் மனு போட்டு, முதலிலிருந்து தொடங்க வேண்டும்.

இந்தக் கடற்கரைக்கு இது புதிதல்ல. சர்வோதயத் தலைவர் ஜெகந்நாதன் தொடுத்த வழக்கில், கடற்கரை ஒழுங்குமுறை மண்டலத்துக்குள் (கடலோரத்தில் தொழில், கட்டுமானங்களுக்குக் கட்டுப்பாடு உள்ள பகுதிக்குள்) இருந்த இறால் பண்ணைகளை 1997 மார்ச் 31-க்குள் அகற்றும்படி 1996 டிசம்பர் 11-ல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. பொதுப் பயன்பாட்டு நிலங்களில் பண்ணை கூடாது என்றும் சொன்னது. கெடு கடந்தது, பண்ணைகள் அகலவில்லை. பிறகு 2005-ல், பதிவு செய்துகொண்டு இறால் பண்ணை நடத்தலாம் என்று தனிச் சட்டமே வந்துவிட்டது. இவ்வளவு பெரிய தீர்ப்புக்கே இந்த நிலை என்றால், ஒரு கிராமத்து ஊரணிக்குக் கிடைத்த உத்தரவை யார் மதிப்பார்கள்?

அதிகாரிகளை எடுத்ததற்கெல்லாம் நேரில் வரவழைக்கக் கூடாது என்று 2024 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் நெறிமுறை வகுத்தது. அது நியாயம்தான். அவர்களைக் கூண்டில் நிறுத்திப் பார்க்கும் ஆசை எங்களுக்கும் இல்லை, கால்வாயில் தண்ணீர் வந்தால் போதும்.

மாவட்ட ஆட்சியர் நடத்தும் குறைதீர் கூட்டத்தில், நிலுவையிலுள்ள நீதிமன்ற உத்தரவுகளையும் அவற்றின் கெடுவையும் பொறுப்பான அதிகாரியின் பதவியையும் பலகையில் எழுதி வைக்க வேண்டும். கெடு முடியும் நாளில், என்ன செய்தோம் என்று அந்த அதிகாரியே நீதிமன்றத்துக்கும் மனுதாரருக்கும் எழுத்தில் தெரிவிக்க வேண்டும். அவமதிப்பு மனு போட்ட பிறகே உத்தரவு நிறைவேறியிருந்தால், அந்த வழக்குச் செலவைத் தாமதப்படுத்தியவரின் சம்பளத்திலிருந்து மனுதாரருக்குக் கொடுக்க அரசு ஆணை பிறப்பிக்க வேண்டும்.

இப்படிக்கு,
மீனவர் ஒருவர்,
தொண்டி வட்டாரம், இராமநாதபுரம் மாவட்டம்.