யாருக்குச் செலவு இல்லை?

ராணுவ வண்டிகளின் சோதனை விதிகளை எழுதும் அதிகாரிகளுக்கு, வணக்கம்.

‘நோ காஸ்ட், நோ கமிட்மென்ட்’ என்றால் என்ன என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை, சோதனைக்கு ராணுவம் காசும் தராது, வாங்குவதாக வாக்கும் தராது என்ற அந்த விதியை எழுதியவர்களே நீங்கள்தான். நான் அம்பத்தூரில் சின்னதாகப் பட்டறை வைத்திருப்பவன். ஒரு கம்பெனி (பெயர் வேண்டாம், பில் பாக்கி இருக்கிறது) ராணுவத்துக்காகச் செய்த முன்மாதிரி வண்டி ஒன்றின் சேசிஸ் எங்களிடம்தான் வெல்டிங் ஆனது. சோதனையில் தேறினால்தான் முழுக் காசு என்று பேச்சு. போன வாரம் வண்டி டிரெய்லரில் திரும்பி வந்தது, கூடவே ஒரு செய்தியும் வந்தது: ஏற்ற வேண்டிய சுமையைக் கூட்டிவிட்டார்களாம், ஆக்சிலை மாற்றி மறுபடி மலைக்குக் கொண்டுபோக வேண்டுமாம். எங்கள் செலவில்தான்.

லடாக்குக்கு வண்டியோடு என் பட்டறைப் பையன் ஒருவனை அனுப்பியிருந்தேன். மெரினாவில் மழை பெய்தாலே ஸ்வெட்டர் தேடுகிறவன். அங்கே ராத்திரியானால் பேட்டரியைக் கழற்றி அறைக்குள் கொண்டுவந்து, தன் கம்பளியில் பாதியை அதற்குப் போர்த்திவிட்டுப் படுப்பானாம், இல்லாவிட்டால் காலையில் இன்ஜின் இருமக்கூடச் செய்யாது. மூன்றாம் நாள் மூக்கில் ரத்தம். போனில், “வண்டி ஏறிடுச்சு அண்ணே” என்று மட்டும்தான் சொன்னான், மற்றதெல்லாம் டிரைவர் சொல்லித்தான் தெரியும். அவனுடைய சாப்பாடு, தங்கல், டீசல், டிரெய்லர் வாடகை எதுவும் உங்கள் கணக்கில் இல்லை. சரி, வண்டியை வாங்கச் சொல்லவில்லை. சோதனைக்குக் கூப்பிட்டால் போக்குவரத்துக்கும் டீசலுக்குமாவது காசு கொடுங்கள், அவ்வளவுதான்.

ஜீப் பிறந்த கதை உங்களுக்குத் தெரியாததா? 1940இல் அமெரிக்க ராணுவம் 135 கம்பெனிகளைக் கேட்டது, பதில் போட்டவை இரண்டே. 49 நாளில் முதல் வண்டி வேண்டும், எடை 1,300 பவுண்டுக்குள் இருக்க வேண்டும் என்றார்கள். பான்டம் என்ற நொடித்துப்போன சின்னக் கம்பெனி கடைசி நாளில், கெடு முடிய அரை மணி நேரம் இருக்கும்போது வண்டியைக் கொண்டுபோய் நிறுத்தியது. எடை கூடுதல்தான். வேலைக்கு ஆகும் வண்டி என்று தெரிந்ததும் ராணுவம் எடையை விட்டுக்கொடுத்தது. பிறகு அதே பான்டத்தின் வரைபடத்தைப் போட்டிக் கம்பெனிகளான வில்லிஸுக்கும் ஃபோர்டுக்கும் கொடுத்தார்கள், அதை நான் நியாயம் என்று சொல்லவில்லை. ஆனால் அந்த முன்மாதிரியையும் சேர்த்து 70 வண்டிக்கான ஆர்டர் பான்டத்தின் கையில் முன்னாலேயே இருந்தது. நாம் 2019இல் திருச்சியில் மேடை போட்டு, ராணுவத் தளவாடத் தொழிலை வளர்க்கப் பாதுகாப்புத் தொழில் வழித்தடம் தொடங்கினோம். சென்னை, கோவை, ஓசூர், சேலம், திருச்சி என்று ஐந்து ஊர். வழித்தடம் நன்றாகத்தான் இருக்கிறது, அதில் போகிற வண்டிக்கு டீசல் போடத்தான் ஆள் இல்லை. மேக்-1 என்ற திட்டத்தில் முன்மாதிரி செய்யும் செலவில் 70 சதவீதம் வரை அரசு தரும் என்பீர்கள். அது பெரிய திட்டங்களுக்கு ஐயா, எங்கள் பட்டறை வாசல் வரை வந்ததில்லை.

கோபத்தில் எங்கேயோ போய்விட்டேன், மன்னிக்கவும். கேட்பது ஒன்றுதான். சோதனைக்கு வரும் வண்டிக்குப் போக வரச் செலவும் டீசலும் தரும்படி விதியில் ஒரு வரி சேர்த்துவிடுங்கள். அளவை நடுவில் மாற்றுவது நீங்கள் என்றால் இரண்டாம் பயணமும் உங்கள் கணக்கில் இருக்கட்டும். தயவுசெய்து.

புது ஆக்சில் அடுத்த மாதம் வருகிறது. பையன் இப்போதே இன்னொரு கம்பளி கேட்கிறான்.

இப்படிக்கு,
அம்பத்தூர்ப் பட்டறைக்காரன்