குண்டர் சட்டக் காவலை ரத்து செய்யக் கோரும் மனு

பெறுநர்:
உள்துறைச் செயலாளர் அவர்கள்,
தலைமைச் செயலகம், சென்னை - 9.

பொருள்: 1982ஆம் ஆண்டின் தமிழ்நாடு 14ஆம் சட்டப்படி என் மகனைத் தடுப்புக் காவலில் வைத்த ஆணையை ரத்து செய்ய வேண்டுதல்.

மதிப்பிற்குரிய ஐயா,

என் மகன் காய்கறி மார்க்கெட்டில் மூட்டை தூக்குபவன். ஊர்த் திருவிழா அடிதடி வழக்கில் கைதாகிச் சிறையில் இருந்தான். அடித்தானா இல்லையா என்பதைக் கோர்ட் பார்த்துக்கொள்ளட்டும், அதைப் பேச நான் வரவில்லை. உள்ளே இருந்தவன் மேலேயே 19ஆம் நாள் குண்டாஸ் போட்டிருக்கிறார்கள்.

ஜாமீனில் வெளியே வந்துவிடுவான் என்பதுதான் ஆணையில் உள்ள காரணம். நாங்கள் ஜாமீன் மனுவே போடவில்லை ஐயா. வக்கீலுக்குக் கொடுக்கப் பணம் புரட்டிக்கொண்டிருந்தோம். "இதுபோன்ற வழக்குகளில் ஜாமீன் கிடைக்கிறது" என்று ஒரு வரி இருக்கிறது. எந்த வழக்கு, எந்தத் தேதி, யாருக்குக் கிடைத்தது என்று ஒன்றும் இல்லை. ரேகா எதிர் தமிழ்நாடு அரசு வழக்கில் உச்ச நீதிமன்றம் 2011இல் இப்படிப்பட்ட ஆணையைத்தான் செல்லாது என்றது. மனு நிலுவையில் இல்லாதபோது, விவரம் எதுவும் காட்டாமல் ஜாமீன் கிடைத்துவிடும் என்று பொதுவாகச் சொல்வது போதாது என்றது.

அப்புறம் அந்த புக்லெட், அதாவது காவலுக்கான காரணங்களும் ஆவணங்களும் அடங்கிய தொகுப்பு. 5 நாளுக்குள் தர வேண்டும் என்கிறது 8ஆம் பிரிவு. 4ஆம் நாளே கொடுத்துவிட்டார்கள், அதில் குறை இல்லை. ஆனால் ரிமாண்ட் உத்தரவும் டாக்டர் சான்றும் ஆங்கிலத்தில் மட்டுமே இருக்கின்றன. எட்டாவது வரை தமிழில் படித்தவன் அவன். உள்ளே என்ன எழுதியிருக்கிறது என்று தெரியாமல் எதை மறுத்து எழுதுவான்? மறுத்து முறையிட வாய்ப்புத் தர வேண்டும் என்பது அரசியலமைப்பின் 22(5). இதே சட்டத்தில் அடைக்கப்பட்ட, தமிழ் மட்டுமே தெரிந்த ஒரு பெண்ணுக்கு ஆங்கில ஆவணத்தின் தமிழாக்கம் தரவில்லை என்பதற்காகவே 1999இல் உச்ச நீதிமன்றம் காவலை ரத்து செய்தது.

காவல் சரியா என்று பார்க்கும் அறிவுரைக் கழகம் முடிவு சொல்ல 7 வாரம் ஆகும், பொறுத்திருங்கள் என்கிறார்கள். அரசு எங்கள் மனுவைத் தனியாகவும் தாமதமின்றியும் பார்க்க வேண்டும் என்பதுதானே சட்டம்? எனவே அதுவரை காத்திராமல் 14ஆம் பிரிவின்படி ஆணையை ரத்து செய்யுங்கள். முடியாது என்றால் என்ன காரணம் என்று தமிழில் எழுதித் தாருங்கள். விடுபட்ட தமிழாக்கங்களையும் உடனே அவன் கையில் சேர்க்கச் சொல்லுங்கள்.

கழகத்தில் வக்கீல் வாதாட உரிமை இல்லை என்றார்கள். சரி, எழுதப் படிக்கத் தெரிந்த என் தம்பியையாவது அன்று அவனோடு நிற்க அனுமதிக்க வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
காவலில் உள்ளவரின் தாய்

இணைப்பு: ஆணை நகல், புக்லெட்டின் ஆங்கிலப் பக்கங்கள்.