1937 ஜூலை 26 அன்று தீர்மானம் போட்டவர்களுக்கு

ஜார்ஜிய எழுத்தாளர் சங்கத் தலைமைக் குழுத் தோழர்களுக்கு,

பதில் வராது என்று தெரிந்தேதான் எழுதுகிறேன். ஸ்டாலின் காலத்தில் சோவியத் ஜார்ஜியாவின் கட்சித் தலைவராக இருந்த பெரியாவுக்கு எழுதிப் பிரயோஜனமில்லை, அவரை எல்லாரும் திட்டித் தீர்த்தாயிற்று. ரகசியப் போலீஸ்காரர்கள் ஆளைக் கொல்வதில் என்ன ஆச்சரியம்? கதையும் கவிதையும் எழுதுகிறவர்கள் கூடி உட்கார்ந்து, நாவலாசிரியர் மிகெய்ல் ஜவாகிஷ்விலியைச் சங்கத்திலிருந்து நீக்குவதோடு நிற்காமல், அவரை உடலளவிலும் அழித்துவிட வேண்டும் என்று சேர்த்து எழுதினீர்களே, அதுதான் எனக்கு விளங்கவே மாட்டேன் என்கிறது. மக்கள் விரோதி, உளவாளி, நாசவேலைக்காரர் என்பதெல்லாம் அன்றைக்கு யார் மேல் வேண்டுமானாலும் ஒட்டிய பட்டங்கள், சரி. நீக்குகிறோம் என்று எழுதி முற்றுப்புள்ளி வைத்திருக்கலாம், மிச்சத்தை அவர்களே பார்த்துக்கொண்டிருப்பார்கள்.

அவர் உங்களுக்கு அந்நியரும் இல்லை. 1880இல் பிறந்தவர், இளவயதிலேயே தாயையும் சகோதரியையும் கொள்ளையர்களிடம் பறிகொடுத்தவர், அப்பாவும் கொஞ்ச நாளில் போய்ச் சேர்ந்தார். 1903இல் முதல் கதை. ஜார் அரசைச் சாடி எழுதியதால் 1906இல் நாட்டை விட்டு ஓட வேண்டியதாயிற்று. பாரிஸில் படித்து, பல தேசம் சுற்றி, பொய்யான பாஸ்போர்ட்டில் ஊர் திரும்பி, 1910இல் பிடிபட்டு நாடு கடத்தப்பட்டு, 1917இல்தான் மறுபடி வந்தார். இந்த அலைச்சலில் பதினைந்து வருடம் போல கதை எழுதவே இல்லை. 1921இல் சோவியத் செம்படை நாட்டைப் பிடித்த பிறகு, ஆட்சிக்கு வந்த போல்ஷ்விக் கம்யூனிஸ்டுகளை எதிர்த்த தேசிய ஜனநாயகக் கட்சியில் இருந்தார். அதற்காக 1923இல் கைது, மரண தண்டனை.

அப்போது தலையிட்டு அவரைக் காப்பாற்றியது யார்? உங்கள் சங்கம்தான்! எழுத்தாளர்கள் போய்ப் பேசினார்கள், ஆறு மாதச் சிறையோடு ஆள் வெளியே வந்தார். இன்றைக்கும் அவர் பேரைச் சொல்கிற நாவல்கள் அதற்கப்புறம்தான் வெளிவந்தன. ஏய்த்தே பிழைத்து ஜார் குடும்பத்துக்கு நெருக்கமான சாமியார் ரஸ்புடீனின் வட்டாரம் வரை ஏறிப்போகும் குவாச்சியும், விசுவாசி வேஷம் போட்டே எஜமானன் தைமுராஸின் சொத்தையும் மனைவியையும் கைப்பற்றிக்கொள்ளும் ஜாக்கோவும் நமக்குக் கிடைத்ததில் உங்கள் சங்கத்துக்கும் பங்கு உண்டு. அதை யாரும் மறுக்க முடியாது. ஆனால் அதனால்தான் பதினாலு வருடம் கழித்து நடந்ததைப் படிக்கும்போது கோபம் இரண்டு மடங்காகிறது.

1937 ஜூலை 22. கவிஞர் பவோலோ யாஷ்விலி, உங்கள் சங்கக் கட்டடத்துக்குள்ளேயே வேட்டைத் துப்பாக்கியால் தன்னைச் சுட்டுக்கொண்டார். நண்பர்களைக் காட்டிக்கொடுக்கச் சொல்லி அவரை எவ்வளவு நெருக்கினார்கள் என்று மற்றவர்களைவிட உங்களுக்கு நன்றாகவே தெரியும். செத்தவருக்கு ஒரு மாலை போடத் துணிச்சல் இல்லாமல் போனால்கூடப் புரிந்துகொள்வேன். நீங்களோ அந்தச் சாவே சோவியத் விரோதச் செயல் என்று கண்டனத் தீர்மானம் போட்டீர்கள். யாஷ்விலியின் துணிச்சலைப் பாராட்டி அங்கே வாய் திறந்தவர் ஒரே ஒருவர், ஜவாகிஷ்விலி. நான்கு நாளில் அவருக்கும் ஒரு தீர்மானம் தயார்.

பயம், எனக்குத் தெரியாமல் இல்லை. வீட்டில் பெண்டாட்டி பிள்ளைகளை வைத்துக்கொண்டு அந்த வருடத்தில் யார்தான் எழுந்து நின்றிருப்பார்கள்? என் கதை எழுதும் நண்பர்களையும் என்னையும் அந்த அறையில் உட்கார வைத்திருந்தால் என்ன செய்திருப்போமோ, சத்தியம் செய்ய மாட்டேன். அதனால் ஏன் ஆதரித்து ஓட்டுப் போட்டீர்கள் என்று கேட்கவில்லை. உடலளவிலும் அழிக்க வேண்டும் என்ற அந்தக் கடைசிச் சொல்லை யார் யோசித்தது, யார் வாசித்தது, வாசித்தபோது ஒருவராவது ‘இது வேண்டாமே’ என்று முனகினாரா, இதைத்தான் கேட்கிறேன். பயந்தவன் கேட்டதைக் கொடுப்பான். இது கேட்டதற்கு மேலே போட்டுக் கொடுத்ததாகத்தான் எனக்குத் தெரிகிறது.

ஆகஸ்ட் 14 அன்று அவரைப் பிடித்துப் போனார்கள். பெரியாவின் முன்னாலேயே அடித்துக் கையெழுத்து வாங்கினார்கள். செப்டம்பர் 30 அன்று சுட்டுக் கொன்றார்கள். சகோதரரையும் சுட்டார்கள், மனைவியை நாடு கடத்தினார்கள், சொத்தைப் பறித்து எழுத்துப் பிரதிகளை அழித்தார்கள். யாஷ்விலியின் நண்பரான கவிஞர் தித்சியான் தபீத்ஸேயை அக்டோபரில் பிடித்து டிசம்பரில் கொன்றார்கள். ஆக, உங்கள் தீர்மானங்களால் அவர்களுக்குப் பசி அடங்கவும் இல்லை.

1950களின் பிற்பகுதியில் ஜவாகிஷ்விலி குற்றமற்றவர் என்று அரசே சொல்லி, புத்தகங்களையும் திரும்ப அச்சடித்தது. உங்களில் அதுவரை உயிரோடு இருந்தவர்கள், பழைய தீர்மானத்தைத் திரும்பப் பெற ஒரு கூட்டம் போட்டீர்களா? போட்டிருந்தால், அதில் முதலில் பேச எழுந்தவர் யார்?