கடற்கரைப் படப்பிடிப்புக்கு அனுமதி வழங்குவோருக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய அதிகாரிகளுக்கு,

திருகோணமலைக் கடற்கரைகளில் நாடகங்களும் பாடற்காட்சிகளும் எவ்வாறு படமாக்கப்படுகின்றன என்பது நீங்கள் அறியாததன்று. ஆகவே நான் கண்ட ஒன்றை மட்டும் எழுதுகிறேன்.

சென்ற ஆடியில், கச்சான் காற்று அனலாய் வீசிய ஒரு நண்பகலில், எங்கள் வீட்டு நாயைத் தொலைக்காட்சி நாடகக் குழுவொன்று உப்புவெளிக்கு அழைத்துச் சென்றது. அரை மணித்தியால வேலைதான் என்றார்கள். ஒப்புக்கொண்டது என் பிழை. கடலுக்குப் போய் மீளாத எசமானைத் தேடி அது அலைவரை ஓட வேண்டும் என்பது காட்சி. பழக்காத நாய் எப்படி ஓடும்? கழுத்துப் பட்டியில் தங்கூசியை, அதாவது மீன்பிடிக்கும் நைலோன் இழையை, கட்டி, கமராவுக்குத் தெரியாத பக்கமிருந்து ஒருவர் இழுத்தார். ஏழாவது தடவையில் அது மணலிலேயே படுத்துவிட்டது. நாய்க்கு நம்மைப்போல் உடம்பெல்லாம் வியர்ப்பதில்லை; நாக்கைத் தொங்கவிட்டு இரைத்துத்தான் சூட்டைத் தணிக்கும். அது அப்படி இரைப்பதைப் பார்த்து, சோகம் நன்றாக வந்திருக்கிறது என்று இயக்குநர் மெச்சிக்கொண்டிருந்தபோது நான் அதன் பாதங்களைத் தூக்கிப் பார்த்தேன். இரண்டில் தோல் உரிந்திருந்தது.

இதே ஓட்டத்தை வதையின்றிப் பழக்கலாம். அது சரியாகச் செய்த அந்தக் கணத்திலேயே 'டிக்' என்ற ஓர் ஒலியும் உடனே ஒரு துண்டு இறைச்சியும் கொடுத்து, முதலில் முற்றத்தில் இரண்டு அடி, பின்பு பத்து அடி, பின்பு அந்நியர் நடுவே, கடைசியில் கடற்கரையில் என்று கூட்டிக்கொண்டு போனால், சில வாரங்களில் அது தானாகவே ஓடும். அந்தச் சில வாரங்களுக்குச் செலவிட மனமில்லாதவர்களுக்குத்தான் தங்கூசி தேவைப்படுகிறது.

ஆகவே, பழக்கியவர் யார், எப்படிப் பழக்கினார் என்பதை எழுத்தில் பெறாமல், விலங்கு இடம்பெறும் எந்தப் படப்பிடிப்புக்கும் அனுமதி வழங்காதீர்கள் என்று கேட்டுக்கொள்கிறேன். இந்தியாவில் 2001ஆம் ஆண்டின் விதிகளின்படி, படத்தில் நடிக்கவைக்கும் விலங்கைப் பதிவு செய்தாக வேண்டும். நம்மிடம் இருப்பதோ 1907ஆம் ஆண்டின் மிருகவதைத் தடுப்புக் கட்டளைச் சட்டம். அது விதித்த அபராதம் கூடியது 100 ரூபாய். அந்தக் குழுவினர் அன்று குடித்த இளநீருக்கே அது போதாது. பிரெட்ரிக் கோட்டை மான்களுக்கு பிஸ்கற்றை நீட்டி முகத்தைக் கமரா பக்கம் திருப்புகிறவர்களும், தம் படத்தின் தொடக்கத்தில் 'எந்த விலங்கும் துன்புறுத்தப்படவில்லை' என்ற வரியை மறவாமல் போடுவார்கள். எழுத்துக்குத் தங்கூசி தேவையில்லை அல்லவா?

கோபத்தில் சொல் மிகுந்திருந்தால் பொறுத்தருள்க. சட்டம் மாறும்வரை காத்திருக்கத் தேவையில்லாத ஒன்றையே கேட்கிறேன்: பழக்கியவரின் எழுத்துமூல உறுதி இல்லையேல் அனுமதி இல்லை; நண்பகலில் விலங்கை மணலில் நிறுத்தலாகாது; மிருக வைத்தியர் ஒருவரோ, நிறுத்து என்று சொல்லும் அதிகாரம் பெற்ற வேறொருவரோ அங்கே நிற்க வேண்டும். எங்கள் நாயின் பாதங்கள் ஆறிவிட்டன. ஆனால் வீட்டில் யாராவது கைப்பேசியை உயர்த்திப் பிடித்தால், அது இன்னமும் கட்டிலுக்கடியில் போய்ப் படுத்துக்கொள்கிறது.

பணிவுடன்,
திருகோணமலைவாசி ஒருவர்