ஞாயிறு படம்: ‘தி ஜாய்லெஸ் ஸ்ட்ரீட்’ (1925)

நண்பர்களே, வணக்கம். இந்த ஞாயிறு இரவு 8 மணிக்கு ஜி.டபிள்யூ. பாப்ஸ்ட் இயக்கிய ஜெர்மன் மௌனப்படம் பார்க்கிறோம்.

கதை நடப்பது முதல் உலகப்போருக்குப் பிந்தைய வியன்னாவில். பணவீக்கத்தில் சம்பளமும் சேமிப்பும் கரைந்துபோக, ஒரு துண்டு இறைச்சிக்காக ராத்திரி முழுக்க வரிசையில் நிற்கிறார்கள். கறிக்கடைக்காரனோ (வெர்னர் கிராஸ்) வரிசையைப் பார்ப்பதில்லை, பெண்களின் முகத்தைத்தான் பார்க்கிறான். அதே தெருவில் கிரைஃபர் என்ற பெண்ணின் துணிக்கடை. முன்னால் துணி வியாபாரம், பின்கட்டில் வேறு தொழில். அவள் கடனுக்குக் கொடுக்கும் ஃபர் கோட்டை மட்டும் கவனமாகப் பாருங்கள். வலை எப்படி விழுகிறது என்பது அங்கேயே புரிந்துவிடும்.

கிரேட்டா கார்போ ஹாலிவுட் போவதற்கு முன் நடித்தது என்பதால்தான் பலரும் இதைத் தேடுகிறார்கள். என்னைக் கேட்டால் இது, கார்போவுடன் நடித்த டென்மார்க் நடிகை ஆஸ்டா நீல்சனின் படம்!

தணிக்கையில் பல நாடுகளில் கண்டபடி வெட்டுப்பட்டது. அமெரிக்கப் பிரதியில் நீல்சன் அநேகமாக இல்லவே இல்லை. அதனால் குறுக்கிய பிரதிகளை முன்கூட்டியே பார்த்துவிடாதீர்கள். நாம் போடுவது சீரமைத்த பிரதி, சுமார் இரண்டரை மணி நேரம்.

வருபவர்கள் சனிக்கிழமைக்குள் இங்கேயே பெயர் போடுங்கள். ஏற்கெனவே பார்த்தவர்கள் தயவுசெய்து முடிவைச் சொல்லிவிட வேண்டாம்.