பாட்டிப் பட்டம் போதும்: திரைப்படச் சங்கங்களுக்கு ஒரு திறந்த மடல்

படம் தேர்ந்தெடுக்கும் நண்பர்களுக்கு,

பிரெஞ்சுப் பட வாரம் என்று அறிவிப்பு வந்தாலே உங்கள் பட்டியலை நானே எழுதிக் கொடுத்துவிடலாம். கோதார் இரண்டு, த்ரூஃபோ இரண்டு, போனால் போகிறதென்று பெண் இயக்குநர் ஆக்னஸ் வர்தாவின் '5 முதல் 7 வரை கிளியோ'. அறிமுகக் குறிப்பில் தவறாமல் 'புதிய அலையின் பாட்டி'. புதிய அலை என்பது கோதார், த்ரூஃபோ போன்ற இளம் இயக்குநர்கள் ஐம்பதுகளின் இறுதியில் கிளப்பிய பிரெஞ்சுத் திரைப்பட இயக்கம். முப்பது வயதையொட்டியே வர்தாவுக்கு அந்தப் பட்டம் கட்டிவிட்டார்கள். நாமும் விடாமல் சுமக்கிறோம்.

கிளியோ நல்ல படம்தான். ஆனால் வர்தாவை அங்கிருந்து தொடங்க வேண்டாம் என்று கேட்கத்தான் இந்த மடல்.

நாடகக் குழுவின் புகைப்படக்காரராக இருந்த வர்தா, 1954இல் தெற்குப் பிரான்சின் ஸேத் ஊரின் மீனவர் குடியிருப்புக்குப் போய்த் தன் முதல் படம் 'லா புவாந்த் கூர்த்' எடுத்தார். அதுவரை அவர் பார்த்த படங்களே சொற்பம். தயாரிப்பாளர் இல்லாததால் தானே ஒரு சிறு நிறுவனம் தொடங்கினார். நடிகர்களும் தொழில்நுட்பக் கலைஞர்களும் கூட்டுறவு முறையில் பங்காளிகள். ஒருபுறம் மீனவர்களின் அன்றாடப் பாடு, மறுபுறம் பிரிவதா சேர்வதா என்று பேசியபடி நடக்கும் தம்பதி. இரண்டும் மாறி மாறி வரும், ஒன்றோடொன்று கலக்காது. படத்தொகுப்பு அலென் ரெனே. கோதாரின் முதல் முழுநீளப் படம் வர இன்னும் சில ஆண்டுகள் இருந்தன. அப்புறம் யார் யாருக்குப் பாட்டி?

அடுத்து, எனக்கு மிகப் பிடித்த ஆவணப்படம் 'தாகெரெயோடீப்'. எழுபதுகளின் நடுவில் மகன் கைக்குழந்தை, வீட்டை விட்டு நகர முடியாது. தன் வீட்டு மின்பெட்டியிலிருந்து ஒரு கேபிளை இழுத்தார். அது எட்டும் தூரம்தான் படப்பிடிப்புத் தளம். நூறு மீட்டர்கூட இல்லை. பாரிஸில் அவர் குடியிருந்த தாகேர் தெருவின் ரொட்டிக் கடை, கசாப்புக் கடை, தையற்காரர், சிகையலங்காரம் எல்லாம் அதற்குள் வந்துவிடுகின்றன. அந்தக் கேபிளைத் தொப்புள்கொடி என்றே சொன்னார். கைக்கு எட்டியதையே படத்தின் வடிவமாக்கிக்கொள்வதுதான் வர்தாவின் பாணி என்பேன். தன் முறைக்கு அவர் வைத்த பெயர் 'சினேக்ரித்யூர்', படமாகவே எழுதுவது. இடத்தைத் தேர்வதும் வெட்டி ஒட்டுவதும் எழுத்தே என்பது அவர் கணக்கு.

2000இல் எழுபதை நெருங்கிய... இல்லை, எழுபதைத் தாண்டிய வயதில், 'பொறுக்குபவர்களும் நானும்' ஆவணப்படத்துக்காகச் சின்ன டிஜிட்டல் கேமராவோடு வயலில் சிந்தியதைப் பொறுக்குபவர்களைத் தேடிப் போனார். உருவம் சரியில்லை என்று கொட்டப்பட்ட உருளைக்கிழங்குகளில் இதய வடிவிலானவற்றை வீட்டுக்கு அள்ளி வந்தார். ஒரு கையில் கேமரா, அது பார்ப்பது சுருக்கம் விழுந்த மறு கையை. 1985இல் வெனிஸ் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கச் சிங்கம் வாங்கியவர் இவர். பெரிய கேமராவுக்காகக் காத்திருக்கவில்லை.

அதனால் அடுத்த முறை ஒரே மாலையில் ஸேத்தையும் தாகேர் தெருவையும் போடுங்கள். கூட்டம் குறைந்தாலும் பரவாயில்லை. ஒரு சின்ன வேண்டுகோள்: அந்தத் தெருவின் வாசனைத் திரவியக் கடையில், நினைவு தப்பிய ஒரு வயதான அம்மா பொழுது சாயும்போது கிளம்பப்போகிறவர் போலக் கதவருகே வந்து நிற்பார். இடைவேளையை அந்த இடத்தில் விட்டுவிடாதீர்கள்.

அன்புடன்,
கடைசி வரிசை உறுப்பினர் ஒருவர்